ஜாடி எண் நாற்பத்தொன்று

சத்துவாச்சாரியில் பஸ்ஸை விட்டு இறங்கி
மரமில்லாத மலையைப் பார்த்து நடந்தால்
பலகை தெரியும்: ஒலிப் பல்கலைக்கழகம்.
வெயிலில் 'லி' உரிந்து போனது.
'ஒ' மட்டும் நிற்கிறது
யாரையோ கூப்பிட வாய் திறந்த மாதிரி.

நான் ஜபீனா, சரக்கறைக் கணக்கர்.
பாடமெல்லாம் எனக்குத் தெரியாது. தெரிந்தது ஜாடிகள்.
ஆம்பூர்த் தோலில் மூடி கட்டி
அரக்கு வைத்துச் சீட்டு ஒட்டியவை.
சட்டம் ஒன்றுதான்:
உள்ளே வந்த ஓசை வெளியே இருக்காது.
படித்துத் திருப்பும்வரை
உலகம் அது இல்லாமல் சமாளிக்க வேண்டும்.

தேசிங்கு என்றொரு மாணவன்
காட்பாடி ஜங்ஷன் தண்டவாளத்தின் கிறீச்சிடலை
ஒரு வாரத்துக்கு வாங்கிப் போனான்.
அந்த வாரம் ரயில்கள் பூனைபோல் வந்து நின்றன.
மூன்று வண்டியைத் தவறவிட்ட டீக்காரர்
எங்கள் வாசலுக்கே வந்து தெலுங்கில் திட்டினார்.
அதையும் யாரோ ஜாடியில் பிடித்துக்கொண்டார்கள்.
பாதி வசவில் வாய் மட்டும் அசைந்தது.

குடியாத்தத்தில் ஒரு தறியின் நாடாச் சத்தம் போனதில்
கணக்குத் தப்பி லுங்கியில் கட்டம் கோணியது.
படிப்புக்கு முன் சின்ன நஷ்டம் என்றார்கள்.

நாற்பத்தொன்று இடுப்பளவு ஜாடி.
தூக்க இரண்டு பேர் வேண்டும்.
'பாலாறு. வெள்ளத்தில் எடுத்தது.
எடுத்தவர் முனைவர் திருவேங்கடம்.
திருப்பும் தேதி' —
அதற்குமேல் மை ஊறியிருந்தது.
அவர் ஓய்வு பெற்றார், பிறகு இறந்தும் போனார்.
தாமதக் கட்டணம் மட்டும்
வருஷாவருஷம் என் பதிவேட்டில் குட்டி போட்டது.
ஆற்றில் லாரி ஓடியது, கிரிக்கெட் ஓடியது.
தண்ணீர் ஓடாத ஆற்றுக்குச் சத்தம் எதற்கு?

கார்த்திகையில் ஒரு ராத்திரி
வாசனை என்னை எழுப்பியது.
ஈரமண், வேலங்கட்டை, எந்தத் தோல் ஷாப்பிலோ
கரைந்து வந்த சுண்ணாம்பு.
மாடியேறிப் பார்த்தேன்.
கரைக்குக் கரை வந்துகொண்டிருந்தது ஆறு
வாடகை பாக்கிக்காரன்
வீட்டுக்காரரைத் தாண்டிப் போவதுபோல.
நாய்கூடக் குரைக்கவில்லை.
எதைக் கேட்டுக் குரைக்கும்?
விருதம்பட்டுப் பக்கம் விளக்கில்லை.
நனைந்த பாய் முதுகைத் தொடும்வரை
அங்கே ஒருவருக்கும் தெரியப்போவதில்லை.

ஓடினேன். வழியில் ஒரு செருப்பு போனது.
பதிவாளர் கையெழுத்து வேண்டுமே என்றார்
காவலாளி எத்திராஜ்.
என் முகத்தைப் பார்த்துவிட்டு
அவரே கடப்பாரை கொண்டுவந்தார்.
ஆம்பூர்க்காரர்கள் வேலை, லேசில் கிழியவில்லை.
மூன்றாம் குத்தில் விட்டது.

என்ன கேட்டாய் என்று பிறகு விசாரணையில் கேட்டார்கள்.
காதால் ஒன்றும் கேட்கவில்லை ஐயா.
நெஞ்செலும்பில் இடித்தது.
கதவைக் கீலோடு எடுத்துக்கொண்டு
பைபாஸைக் குறுக்கே தாண்டி
வடக்கே போனது, வழி கேட்காமல்.

ஊர் எழுந்தது.
'தண்ணி' என்று முதலில் கத்தியது யார் என்று
இன்றைக்கும் தகராறு.
பாத்திரம், ஒரு டிவி, பிறந்து பதினோரு நாளான பிள்ளை,
எல்லாம் மேட்டுக்கு ஏறின.
எல்லாம் என்று சொல்லக்கூடாது.
ஆறு முன்னாலும் சத்தம் பின்னாலுமாக இருந்த
அந்தக் கால்மணி நேரத்தில்
கங்கம்மாவின் இரண்டு மாடுகள் கயிற்றோடு போயின.

இருப்பு எண் 41 எங்கே என்று குறிப்பாணை வந்தது.
பதிவேட்டில் எழுதினேன்:
'திருப்பப்பட்டது. பெற்றவர், உடையவர்.
கைநாட்டு, பாலத்தின் மூன்றாம் தூணில்,
ஆளுயரத்துக்குச் சேறு.'
சம்பளத்தில் மாதம் எண்ணூறு பிடிக்கிறார்கள்.

போன வாரம் கங்கம்மா வந்தாள்.
மாட்டுக் கழுத்து மணி இங்கே இருக்கிறதா என்றாள்.
இல்லை என்று சொல்லியிருக்கலாம்.
அலமாரிகளைத் திறந்துவிட்டேன்.
ஒவ்வொரு தோல்மூடியிலும் காதை வைத்தாள்,
கண்ணை மூடி, மூச்சைப் பிடித்து.
மத்தியானமாயிற்று. சாப்பிடக் கூப்பிட்டேன்.
கையை மட்டும் அசைத்தாள்
சத்தம் போடாதே என்று.